ஜெலுத்தோங் வரை நடக்காத வரலாறு

காலை ஒன்பது மணிக்குக் கார்ன்வாலிஸ் கோட்டையின் வாயிலில் ஒரு சிறு கூட்டம் சேர்கிறது. தலையில் தொப்பி, தோளில் பை, கையில் தண்ணீர்ப் புட்டி. ஐரோப்பியர், ஜப்பானியர், ஆஸ்திரேலியர், கோலாலம்பூரிலிருந்து வந்த உள்நாட்டார் எனப் பலரும் அதில் உள்ளனர். உரிமச் சின்னத்தைக் கழுத்தில் அணிந்த வழிகாட்டி முன்னே நடக்க, மற்றவர் பின்தொடர்கின்றனர். கோட்டை, தேவாலயம், மாரியம்மன் ஆலயம், பள்ளிவாசல், சீனர் குலமனை, சுவரோவியம் என்று ஒவ்வோரிடத்திலும் சிறிது நேரம் நிற்கின்றனர், படம் பிடிக்கின்றனர், நகர்கின்றனர். நடுப்பகலுக்குள் நடை முடிந்துவிடுகிறது. பினாங்கின் இருநூறு ஆண்டுகளையும் ஒரு காலைப் பொழுதில் கண்டுவிட்ட நிறைவோடு கூட்டம் கலைகிறது.

இத்தகைய நடைச்சுற்றுலா ஜோர்ஜ்டவுனுக்குப் பழகிப்போன காட்சி. 2008 ஜூலை 7ஆம் நாள் மலாக்காவும் ஜோர்ஜ்டவுனும் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றன. ஜோர்ஜ்டவுனில் ஏறத்தாழ 109 ஹெக்டர் நிலம் மையப் பகுதி என்றும், அதைச் சூழ்ந்த 150 ஹெக்டர் காப்புப் பகுதி என்றும் வரையறுக்கப்பட்டன. வரைபடத்தில் ஒரு கோடு விழுந்தது. அன்றுமுதல் கோட்டுக்கு உள்ளே இருப்பது பாரம்பரியம். வெளியே இருப்பது வெறும் ஊர். வழிகாட்டியின் கால்களும் அந்தக் கோட்டைத் தாண்டுவதில்லை.

ஓர் ஊரைக் கால்நடையாகக் காண்பதைக் குறைகூறுவார் எவரும் இலர். பேருந்தின் கண்ணாடிக்குள் அமர்ந்து பார்ப்பவன் ஊரின் முகத்தை மட்டுமே காண்கிறான்; நடப்பவனோ அதன் மணத்தையும் ஒலியையும் சேர்த்து அறிகிறான். ஆதலால் வழக்கு நடையின் மேல் அன்று. அந்த நடை எவருடைய கதையைச் சொல்கிறது, எவருடைய கதையை விழுங்குகிறது, எந்த இடத்தில் நின்றுவிடுகிறது என்பவையே கேள்விகள். கட்டடத்தைக் காட்டி, அதைக் கட்டியவனை மறைக்கும் நடை, ஊரைக் காட்டும் நடை ஆகாது. பினாங்கில் இன்று நடப்பது பெரும்பாலும் இத்தகைய அரைகுறை நடையே.

கோட்டை முதல் கடைத்தெரு வரை

கோட்டையிலிருந்தே தொடங்கலாம். 1786இல் பிரான்சிஸ் லைட் இத்தீவில் வந்து இறங்கிய கதை இங்கே விரிவாகச் சொல்லப்படுகிறது. கோட்டை ஒருநாளும் போரில் ஈடுபடவில்லை என்ற செய்தியும் நகைச்சுவையோடு எடுத்துரைக்கப்படுகிறது. முதலில் மரத்தால் அமைந்த அக்கோட்டையைப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் செங்கல்லாலும் கல்லாலும் எடுத்துக் கட்டியவர்கள் இந்தியாவிலிருந்து நாடுகடத்தப்பட்ட கைதிகள். வங்காளம், சென்னை, பம்பாய் ஆகிய மாகாணங்களிலிருந்து கப்பலேற்றப்பட்ட அம்மனிதர்கள் பினாங்கின் சாலைகளை அமைத்தனர். சதுப்பு நிலத்தைத் தூர்த்தனர். 1818இல் கட்டி முடிக்கப்பெற்ற செயின்ட் ஜோர்ஜ் தேவாலயமும் அவர்களுடைய உழைப்பே. வெண்தூண்கள் நிமிர்ந்து நிற்கும் அத்தேவாலயத்தின் முன் சுற்றுலாக் கூட்டம் நெடுநேரம் நிற்கிறது. வரைபடம் வரைந்த வெள்ளை அதிகாரியின் பெயர் சொல்லப்படுகிறது. செங்கல் சுமந்தவர்களுக்கோ பெரும்பாலும் ஒரு வரிகூட இல்லை. இருந்தாலும் அது மூச்சு வாங்கும் இடைவெளியில் வந்து மறைந்துவிடும்.

அக்கோட்டைக்கு உரிய மற்றொரு கதையும் உண்டு. 1941 டிசம்பர் 11ஆம் நாள் ஜப்பானிய விமானங்கள் ஜோர்ஜ்டவுன் மீது குண்டு மாரி பொழிந்தன. அடுத்த சில நாள்களில் ஆங்கில ஆட்சியாளர் ஐரோப்பியரை மட்டும் இரவோடிரவாகக் கப்பலேற்றிவிட்டு, ஆசிய மக்களைக் கைவிட்டுச் சென்றனர். தீவில் ஆட்சியும் இல்லை, காவலும் இல்லை. ஆனால் கோட்டையின் கொடிமரத்தில் ஆங்கிலக் கொடி மட்டும் பறந்துகொண்டிருந்தது. அக்கொடி பறக்கும்வரை குண்டு விழும் என்பதை உணர்ந்து, அதனை இறக்கி வெள்ளைக்கொடி ஏற்றியவர் மாணிக்கசோதி சரவணமுத்து. இலங்கைத் தமிழரான அவர் 'ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ' நாளேட்டின் ஆசிரியர். நகரில் படை எதுவும் இல்லை என்பதை வானொலி வழியே ஜப்பானியர்க்கு அறிவிக்கச் செய்தவரும் அவரே. ஏந்திய கருவி ஏதுமின்றி ஒரு நகரத்து மக்களின் உயிரைக் காக்க முன்னின்ற அச்செயல் அந்தக் கொடிமரத்தடியில் சொல்லத்தக்கதன்றோ? பீரங்கியின் பெயரையும் அதன் எடையையும் சொல்லத் தெரிந்த நாவுக்கு, அந்தப் பத்திரிகை ஆசிரியரின் பெயர் ஏன் வருவதில்லை?

நடை தெற்கே திரும்புகிறது. குவீன் தெருவில் 1833இல் எழுந்த மகாமாரியம்மன் ஆலயத்தின் கோபுரம் நிற்கிறது. வண்ணங்களைப் பற்றியும் சிலைகளின் எண்ணிக்கையைப் பற்றியும் விளக்கம் தரப்படுகிறது. கூலிகளும் படகோட்டிகளும் துறைமுகத் தொழிலாளரும் தம் காசைச் சேர்த்து வளர்த்த கோயில் என்ற உண்மை அந்த வண்ணங்களுக்கு அடியில் மறைந்துவிடுகிறது. அருகிலுள்ள கிங் தெருவைப் பழந்தமிழ்க் குடிகள் படவுக்காரத் தெரு என்று அழைத்தனர். மார்க்கெட் தெரு அவர்கள் வாயில் கடைத்தெரு. கப்பலுக்கும் கரைக்கும் இடையே சரக்கேற்றிச் சென்ற படகோட்டிகள் அங்கே வாழ்ந்தமையால் அப்பெயர் ஏற்பட்டது. ஒரு தெருவின் பெயரிலேயே ஒரு தொழிலின் வரலாறு அடங்கியிருக்கிறது. அரசனின் பெயர் பலகையில் நிற்கிறது. படகோட்டியின் பெயர் முதியவர் சிலரின் நினைவோடு மறைந்துகொண்டிருக்கிறது.

சூலியா தெருவின் மூலையில் நாகூர் ஷாகுல் ஹமீது ஆண்டகையின் பெயரால் அமைந்த தர்கா உள்ளது. அதற்குச் சற்று அப்பால் 1801இல் கிழக்கிந்தியக் கம்பெனி அளித்த நிலத்தில் காதர் முகைதீன் என்னும் தமிழ் முஸ்லிம் தலைவர் எழுப்பிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல் ஓங்கி நிற்கிறது. 'கிளிங்' என்னும் சொல் ஒருகாலத்தில் தென்னிந்திய மக்களைக் குறித்த பொதுப்பெயர். கப்பித்தான் கிளிங் என்பது அச்சமூகத்தின் தலைமைப் பட்டம். பிற்காலத்திலோ அதே சொல் தமிழரை இழித்துரைக்கும் வசைச்சொல்லாயிற்று. ஒரு மக்கள் கூட்டத்தின் பெயர் பட்டமாகத் தொடங்கி வசையாக முடிந்தது எவ்வாறு என்று அந்தப் பள்ளிவாசலின் முன் நின்று எடுத்துரைத்தால், அந்நியர் மட்டுமல்லர், இந்நாட்டு இளைஞரும் சிந்திப்பர். ஆனால் அவ்விடத்தில் சொல்லப்படுவது கூம்பு மாடத்தின் அழகு. அடுத்துச் சொல்லப்படுவது நாசி கண்டார். தோளில் காவடித்தடி போல் கம்பைச் சுமந்து, இருபுறமும் சோற்றுக்கூடையும் குழம்புச் சட்டியும் தொங்கத் துறைமுகத் தொழிலாளர்க்கு உணவு விற்ற தமிழ் முஸ்லிமின் வாழ்வு, நாவின் சுவையாகச் சுருங்கிவிட்டது.

ஆர்மேனியன் தெருவுக்கு வரும்போது கூட்டத்தின் முகம் மலர்கிறது. 2012இல் எர்னஸ்ட் சக்காரேவிச் என்னும் லித்துவேனிய ஓவியர் சுவரில் தீட்டிய மிதிவண்டிச் சிறுவர் ஓவியம் அங்கே உள்ளது. வரிசையில் நின்று படம் பிடித்துக்கொள்கின்றனர். அதே தெருவில் 120ஆம் எண் வீடு சுன் யாட்-சென்னின் பினாங்குத் தளமாக விளங்கியது. சீனப் புரட்சிக்கு வழிவகுத்த பினாங்கு மாநாட்டை 1910இல் அவர் நடத்திய செய்தி இன்று நன்கு அறியப்பட்டுள்ளது. அவ்வீடு பேணிக் காக்கப்படுகிறது. இது போற்றத்தக்கதே. ஆனால் இதே பினாங்கில், 1942இல், இந்திய விடுதலைக்காகச் சுயராஜ்யப் பயிற்சிக் கழகம் ஒன்று இயங்கியது. அங்கே பயின்ற இளைஞர் சிலர் ஜப்பானிய நீர்மூழ்கிக் கப்பலில் இந்தியக் கரைக்கு அனுப்பப்பட்டுப் பிடிபட்டனர். அவர்களுள் வக்கம் அப்துல் காதர் முதலிய சிலர் 1943 செப்டம்பர் 10ஆம் நாள் சென்னைச் சிறையில் தூக்கிலிடப்பட்டனர். ஒரு சமூகம் தன் நினைவை வீடாகக் காத்தது. மற்றொரு சமூகம் தன் நினைவைக் காற்றில் விட்டது. நடைச்சுற்றுலாவின் குறை இங்கே பாதி. எஞ்சிய பாதி எவருடையது என்பது பின்னர் வரும்.

ஆற்றுக்கு அப்பால்

பாரம்பரியக் கோட்டுக்குத் தெற்கே சுங்கை பினாங்கு ஆறு கடலில் கலக்கிறது. அதைக் கடந்தால் ஜெலுத்தோங். கோட்டையிலிருந்து சில கிலோமீட்டர் தொலைவுதான். காலாற நடந்தால் ஒரு மணி நேரத்திற்குச் சற்றுக் கூடலாம். எந்த நடைச்சுற்றுலாவும் அங்கே வருவதில்லை.

வருவதற்கு அங்கே என்ன இருக்கிறது என்று கேட்பார் உளர். வெண்தூண்கள் இல்லை, பீரங்கி இல்லை, புகழ்பெற்ற சுவரோவியம் இல்லை. சந்தை இருக்கிறது, பட்டறைகள் இருக்கின்றன, வரிசை வீடுகளும் அடுக்குமாடிகளும் இருக்கின்றன. மலாய்க்காரரும் சீனரும் தமிழரும் ஒரே மாடிப்படியில் ஏறி இறங்கும் வாழ்க்கை இருக்கிறது. ஒருகாலத்தில் மீனவர் படகுகள் ஒதுங்கிய கரை தூர்க்கப்பட்டு, அதன்மேல் விரைவுச்சாலை ஓடுகிறது. ஜோர்ஜ்டவுனின் அழகு கெடாதிருக்க அகற்றப்படும் குப்பையும் ஜெலுத்தோங் கரையில்தான் மலையாகக் குவிக்கப்பட்டது. சுற்றுலாப் பயணி வீசிய தண்ணீர்ப் புட்டி ஜெலுத்தோங்கைக் கண்டிருக்கும், பயணி கண்டதில்லை.

ஊரின் பெயரே ஒரு மரத்தின் பெயர். ஜெலுத்தோங் மரத்தின் பால் ஒருகாலத்தில் மெல்லும் பசை செய்ய ஏற்றுமதியானது. பால் வடித்தவனும் மரமும் மறக்கப்பட்டு, பசையை மென்றவன் மட்டும் நினைவில் நிற்பது உலக வழக்கு. அந்த வழக்கே இங்கும் தொடர்கிறது.

உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஜோர்ஜ்டவுன் இடம்பெற்றது வெறும் கட்டடங்களுக்காக அன்று. பல இனத்து மக்களின் வாழும் பண்பாட்டிற்கு அந்நகரம் சான்றாக விளங்குகிறது என்பதும் அதற்குக் காட்டப்பட்ட காரணங்களுள் ஒன்று. வாழும் பண்பாடு என்றால் வாழும் மக்கள் வேண்டும். அம்மக்கள் எங்கே? 1966ஆம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் உள்நகரின் பழைய கடைவீடுகளில் ஏழை எளியோர் குறைந்த வாடகைக்குக் குடியிருக்க வகைசெய்தது. 1997இல் அச்சட்டத்தை நீக்க முடிவாகி, 2000ஆம் ஆண்டு பிறந்தபோது அந்தக் காப்பு முற்றாக அகன்றது. வாடகை பன்மடங்கு ஏறியது. தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்ந்த தச்சர், தையற்காரர், பூக்கட்டுவோர், சிறுகடைக்காரர், கூலித் தொழிலாளர் எனப் பலர் மூட்டை கட்டினர். ஜெலுத்தோங், ஆயர் ஈத்தாம், கெலுகோர் ஆகிய புறநகர்களின் அடுக்குமாடிகளே அத்தகையோர்க்குப் புகலிடம். எட்டாண்டு கழித்துப் பட்டியலில் பெயர் ஏறியது. அவர்கள் விட்டுச் சென்ற வீடுகள் பல தங்கும் விடுதிகளாகவும் காப்பிக் கடைகளாகவும் உருமாறின.

எனவே ஜெலுத்தோங் பாரம்பரியத்திற்கு வெளியே இருக்கும் ஊர் அன்று. பாரம்பரியத்திலிருந்து வெளியேற்றப்பட்டோரை ஏற்றுக்கொண்ட ஊர். சுவரைக் காண விரும்புவோர் ஆர்மேனியன் தெருவில் நிற்கலாம். அச்சுவருக்குள் வாழ்ந்த மனிதரைக் காண விரும்புவோர் ஆற்றைக் கடந்தே ஆக வேண்டும்.

ஜெலுத்தோங்கிற்குச் சொல்லத்தக்க அரசியல் வரலாறும் உண்டு. 1978 முதல் 1999 வரை இத்தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர் வழக்கறிஞர் கர்ப்பால் சிங். இனவேறுபாடின்றி ஏழைகளின் வழக்குகளை ஏற்று நடத்திய அவரை மக்கள் 'ஜெலுத்தோங் புலி' என்று அழைத்தனர். 2014இல் அவர் மறைந்தபின் இங்குள்ள கடலோரச் சாலை ஒன்று அவர் பெயரைத் தாங்கியது. வெள்ளைக்கார ஆளுநர் எத்தனையோ பேரின் பெயர்களை ஒப்பிக்கும் வழிகாட்டி, சீக்கியர் ஒருவரைத் திரும்பத் திரும்பத் தேர்ந்தெடுத்த சீனரும் மலாய்க்காரரும் தமிழரும் வாழும் இத்தொகுதியைப் பற்றிச் சொன்னால், பல்லின நல்லிணக்கத்திற்கு அதைவிடச் சிறந்த சான்று வேறுண்டோ?

ஜெலுத்தோங்கைத் தாண்டித் தெற்கே சென்றால் கெலுகோர். அங்கே கம்போங் புவா பாலா என்றொரு தமிழ்க் கிராமம் இருந்தது. மாடு வளர்த்துப் பால் கறந்து வாழ்ந்த குடும்பங்களின் கிராமம் அது. பசுக்கள் மேய்ந்த அவ்விடத்தைப் பழைய அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றின் பெயரால் 'ஹை செப்பரல்' என்றும் மக்கள் அழைத்தனர். அந்த நிலம் வீடமைப்புத் திட்டத்திற்குப் போயிற்று. கிராமத்தார் நீதிமன்றம் சென்றனர்; வழக்கு நாட்டின் உச்ச நீதிபீடமாகிய கூட்டரசு நீதிமன்றம் வரை ஏறியது; அவர்கள் தோற்றனர். 2009 செப்டம்பரில் வீடுகள் இடிக்கப்பட்டன. ஜோர்ஜ்டவுன் உலகப் பாரம்பரியம் என்று முரசறைந்து ஏறத்தாழ ஓராண்டும் இரு திங்களுமே ஆகியிருந்த காலம் அது. ஒரே தீவில், ஒரே காலத்தில், செட்டியாரின் பழைய கடைவீட்டுக் கதவின் நிறத்தை மாற்றக்கூட இசைவு பெற வேண்டியிருக்க, இடையரின் ஊர் முழுவதையும் மண்வாரி இயந்திரம் தரைமட்டமாக்கிற்று. சட்டப்படி எவர் பக்கம் நியாயம் என்பது நீதிமன்றத்தில் முடிந்த செய்தி. பாரம்பரியம் என்னும் சொல்லுக்கு எவர் பொருள் கூறுகிறார் என்பது இன்னும் முடியாத செய்தி.

நாகசாக்கி காட்டும் வழி

வரலாற்று நகரங்களில் நடைச்சுற்றுலா நடத்துவதில் ஜப்பான் நாட்டார் கைதேர்ந்தவர்கள். கியோட்டோவின் பழைமை வாய்ந்த கோயில்களும் தோட்டங்களும் 1994இல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தன. அதன் பயனும் பாடும் இரண்டையும் அந்நகரத்தார் கண்டனர். கியோன் பகுதியின் சந்துகளில் பயணிகள் புகுந்து, அங்கே வாழ்வோரைத் துரத்தித் துரத்திப் படம் பிடிக்கவே, 2024இல் தனியார்க்குரிய சந்துகளில் பயணிகள் நுழையக் கூடாதென்று தடை விதித்தனர்; மீறுவோர்க்குப் பத்தாயிரம் யென் தண்டம் என்று பலகை நட்டனர். குடியிருப்பவனின் அமைதி விற்பனைக்கு உரியது அன்று என்பது அதன் பொருள்.

பினாங்குக்கு அதனினும் பொருத்தமான எடுத்துக்காட்டு நாகசாக்கி. அதுவும் துறைமுக நகரம். அங்கும் அயல்நாட்டு வணிகர் வந்து தங்கினர். டெஜிமா என்னும் சிறுதீவில் டச்சுக்காரர் இருநூறு ஆண்டுகளுக்கு மேல் வாணிகம் செய்தனர். 2006இல் அந்நகரம் 'நாகசாக்கி சருக்கு' என்ற பெயரில் பல திங்கள் நீடித்த நடைவிழாவை நடத்திற்று. சருக்கு என்பது அவ்வட்டார வழக்கில் ஊரைச் சுற்றித் திரிதல் என்று பொருள்படும். அதன் சிறப்பு என்னவெனில், வழிகளை வகுத்தவரும் வழிகாட்டிகளாக நடந்தவரும் அவ்வூர்க் குடிமக்களே. தம் தெருவைத் தாமே சொன்னார்கள். விழா முடிந்த பின்னும் அந்த நடைகள் நிலைத்தன. அவை டச்சுக்காரர் தீவோடும் பிரித்தானிய வணிகர் மாளிகையோடும் நின்றுவிடுவதில்லை. 1945 ஆகஸ்ட் 9ஆம் நாள் அணுகுண்டு விழுந்த உரக்காமிப் பள்ளத்தாக்கு வரை செல்கின்றன. அழகும் அழிவும் ஒரே நகரத்தின் இரு கண்கள் என்பதை அவர்கள் உணர்ந்திருக்கின்றனர்.

ஆயினும் அந்த நாட்டைக் கண்மூடிப் போற்றுவதற்கில்லை. நாகசாக்கிக்கு அப்பால் கடலில் ஹாஷிமா என்னும் நிலக்கரிச் சுரங்கத் தீவு உள்ளது. 2015இல் அதுவும் பிற தொழில்துறைச் சின்னங்களும் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தபோது, போர்க்காலத்தில் அங்கே வலுக்கட்டாயமாக வேலை வாங்கப்பட்ட கொரியரின் கதை என்னாயிற்று என்று தென்கொரியா வழக்கெழுப்பியது. அக்கதையைச் சொல்வதாக ஜப்பான் உறுதியளித்தது. அவ்வுறுதி சரிவர நிறைவேற்றப்படவில்லையென்று 2021இல் பாரம்பரியக் குழு தன் கடும் வருத்தத்தைப் பதிவு செய்தது. உழைத்தவனின் பெயரை மறைத்துச் சின்னத்தை மட்டும் காட்டுவது குற்றமென்று உலக மன்றம் ஒப்புக்கொண்ட நிகழ்ச்சி அது.

கொரியர் கேட்டனர், உலகம் செவிசாய்த்தது. செயின்ட் ஜோர்ஜ் தேவாலயத்துக்குச் செங்கல் சுமந்த கைதிக்காகக் கேட்டவர் யார்? ஜெரெஜாக் தீவின் தொற்றுத்தடுப்பு முகாமில் அடைபட்டுக் கிடந்து, பின்னர்த் தோட்டங்களுக்குப் பிரித்தனுப்பப்பட்ட தென்னிந்தியக் கூலிகளுக்காகக் கேட்டவர் யார்? மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுசெல்லப்பட்டு மடிந்த பல்லாயிரம் தமிழருக்காக, இந்நகரின் நடைகளில் ஒரு நிமிடம் கேட்டவர் யார்?

சொல்லப்படும் சமாதானங்கள்

இவ்வாறு கேட்போர்க்குச் சில விடைகள் ஆயத்தமாக உள்ளன. மூன்று மணி நேரத்தில் எல்லாவற்றையும் சொல்ல இயலுமா என்பது முதல் விடை. இயலாதுதான். ஆனால் ஒரு சுவரோவியத்தின் முன் பதினைந்து நிமிடம் நிற்க முடிகிறவர்க்குக் கொடிமரத்தின் கீழ் இரண்டு நிமிடம் கிடைக்காதா? காலம் போதவில்லை என்பது, எதற்குக் காலம் ஒதுக்குவது என்று முன்பே முடிவு செய்தவர் கூறும் சொல்.

இன்பமாகப் பொழுது போக்க வந்தவரிடம் துன்பக் கதை சொல்வதா என்பது இரண்டாம் விடை. பயணிகளை இவ்வளவு தாழ்வாக மதிப்பிடத் தேவையில்லை. துயரம் உறைந்த இடங்களையும் உலகம் தேடிச் சென்று பார்க்கிறது. பார்த்தவர் தலைகுனிந்து மீள்கின்றனர். அத்தகையோர் பினாங்கில் மட்டும் நாசி கண்டாரோடு நிறைவடைவர் என்று எண்ணுவது அவர்களுக்கு இழைக்கும் அவமதிப்பு.

தமிழர் தமிழரென்று பேசுவது இனவாதம் ஆகாதா என்பது மூன்றாம் விடை. ஆகாது. கைதிகளாக வந்தோர் அனைவரும் தமிழர் அல்லர். வாடகை ஏறி வெளியேறியோருள் சீனரும் மலாய்க்காரரும் நிறைய. ஜெலுத்தோங்கின் மீனவரும் பட்டறைத் தொழிலாளரும் எல்லா இனத்தாரும் ஆவர். கேட்கப்படுவது உழைத்தோர் அனைவர்க்கும் உரிய இடம். அதில் தமிழர்க்கு உரிய பங்கும் அடங்கும். அதைக் கேட்கத் தமிழரே தயங்கினால் வேறெவர் கேட்பார்?

எஞ்சிய பாதிக் குறை

இனி, மேலே நிறுத்தி வைத்த பாதிக் குற்றச்சாட்டு. அது தமிழர் வாசலுக்கே வருகிறது.

பினாங்குத் தமிழ் முஸ்லிம்களின் வரலாற்றை விரிவாக ஆராய்ந்து, 2014இல் 'பினாங்கில் சூலியர்' என்று பொருள்படும் தலைப்பில் பெருநூலாக்கியவர் கூ சல்மா நசுத்தியோன் என்னும் பினாங்குச் சீன அறிஞர். நூலின் மொழி ஆங்கிலம். அவ்வம்மையாருக்குத் தமிழுலகம் கடன்பட்டுள்ளது. அதே வேளையில் தமிழர் நாணவும் கடமைப்பட்டுள்ளனர். 1883இலேயே குலாம் காதிறு நாவலர் 'வித்தியா விசாரிணி' என்னும் இதழைத் தமிழில் நடத்திய ஊர் இது. போர்க்காலப் பினாங்கைக் களமாகக் கொண்டு ப. சிங்காரம் 'கடலுக்கு அப்பால்' நாவலைப் படைத்தார். அது 1959இல் வெளிவந்தது. தமிழ் நாவல் வரலாற்றில் இடம்பெற்ற தெருக்களின் மேல் நாள்தோறும் நடக்கும் பினாங்குத் தமிழருள், அது தம் ஊர்க் கதையென்று அறிந்தோர் எத்தனை பேர்?

சங்கங்களுக்குக் குறைவில்லை. ஆண்டுவிழாக்களுக்குக் குறைவில்லை. பொன்னாடைகளுக்கும் மாலைகளுக்கும் அறவே குறைவில்லை. மேடையில் கடாரம் கொண்டான் புகழ் முழங்குகிறது. மேடைக்குக் கீழே அமர்ந்திருக்கும் எண்பது வயது முதியவர் 'ரஜுலா' கப்பலில் எப்படி வந்து இறங்கினார் என்று எவரும் கேட்பதில்லை. 1926 முதல் ஏறக்குறைய அரை நூற்றாண்டுக் காலம் தமிழகக் கரைக்கும் மலாயாக் கரைக்கும் இடையே மக்களைச் சுமந்த கப்பல் அது. அதில் வந்தவருள் எஞ்சியிருப்போர் சிலரே. ஒவ்வொரு முதியவரின் இறப்போடும் ஒரு தெருவின் தமிழ்ப்பெயர் இறக்கிறது. ஆயிரமாண்டுக்கு முந்தைய அரசனைப் பாடும் வாய்க்கு, ஐம்பதாண்டுக்கு முந்தைய அப்பாவைப் பற்றிச் சொல்லத் தெரியவில்லை. இதற்குச் சுற்றுலாத் துறை மீது பழி சுமத்துவதில் பயனில்லை.

வெளியார் வந்து தம் கதையைச் சொல்லவேண்டுமென்று காத்திருப்பவன், அவர் சொல்வதைக் கேட்டுக் குறைபட உரிமையற்றவன். ஆதலின் செய்ய வேண்டியவை தெளிவு. பினாங்குத் தமிழ் இளைஞர் சுற்றுலா வழிகாட்டி உரிமம் பெறப் பயில வேண்டும். அதற்கான செலவை ஒரு விழாச் செலவைக் குறைத்தாலே சங்கங்கள் ஏற்க இயலும். ஜெலுத்தோங், கெலுகோர் அடுக்குமாடிகளில் வாழும் முதியவர்களின் நினைவுகளை ஒலிப்பதிவு செய்ய வேண்டும். இன்று கைபேசி ஒன்றிருந்தால் போதும். தெருக்களின் பழந்தமிழ்ப் பெயர்களைத் தொகுக்க வேண்டும். தமிழ்ப்பள்ளி மாணவரைக் கேளிக்கைப் பூங்காவுக்கு அழைத்துச் செல்லும் ஆசிரியர், ஒருமுறையேனும் செயின்ட் ஜோர்ஜ் தேவாலயத்தின் தூணைத் தொட்டுப் பார்க்கச் சொல்ல வேண்டும். இது யாருடைய கை எழுப்பியது என்று சொல்ல வேண்டும்.

தைப்பூசத்தன்று தமிழர் எவரும் வழிகாட்டி தேடுவதில்லை. 1894 முதல் ஓடிவரும் நகரத்தாரின் வெள்ளித்தேர் பினாங்கு தெருவிலிருந்து புறப்பட்டுத் தண்ணீர்மலைக்குச் செல்கையில், பல்லாயிரவர் வெறுங்காலோடு உடன் நடக்கின்றனர். அந்தப் பாதையும் யுனெஸ்கோ வரைந்த கோட்டைத் தாண்டியே செல்கிறது. நம்பிக்கைக்காக அவ்வளவு தொலைவு நடக்க அறிந்த சமூகம், நினைவுக்காகவும் நடக்க அறியும். நடக்கத் தொடங்குவதே வேண்டுவது.

அந்த நடை கோட்டையின் கொடிமரத்தில் தொடங்கட்டும். படவுக்காரத் தெருவைத் தன் பெயர் சொல்லி அழைத்து, கடைத்தெருவைக் கடந்து, ஆற்றுப்பாலம் ஏறி, ஜெலுத்தோங் சந்தையில் ஒரு தேநீர்க் கடை வாசலில் முடியட்டும். அங்கே அமர்ந்திருக்கும் முதியவரிடம், "ஐயா, தாங்கள் முன்னே எந்தத் தெருவில் குடியிருந்தீர்கள்?" என்று ஒரு மாணவன் கேட்கட்டும். பினாங்கின் வரலாற்றில் இதுவரை எவரும் நடந்து காணாத பகுதி அவர் விடையிலிருந்து தொடங்கும்.